குடும்ப நீதிமன்றச் சொத்து வழக்குகள்: வழக்குரையைத் திருத்த எதுவரை அனுமதி உண்டு?

புனே: மகாராஷ்டிர மாநிலம் புனேயில் 1989ஆம் ஆண்டு முதல் குடும்ப நீதிமன்றம் இயங்கி வருகிறது. சிவாஜிநகரில் 2017இல் அதற்கெனத் தனிக் கட்டடமும் திறக்கப்பட்டது. விவாகரத்து, ஜீவனாம்சம், குழந்தையின் பொறுப்பு ஆகியவற்றுக்காகவே மக்கள் இங்கு வருவதாகப் பொதுவாகக் கருதப்படுகிறது. ஆனால் இரண்டு பேரின் சம்பளத்தில் கடன் கட்டிய அடுக்குமாடி வீடு, மனைவியின் பெயரில் வாங்கிய மனை, லாக்கரில் உள்ள நகை ஆகியவை யாருக்கு என்ற கேள்வியும் அதே வழக்குகளில் எழுகிறது. அந்தக் கேள்விக்கு விடை கிடைப்பதும் கிடைக்காததும் பல நேரங்களில் வழக்கின் தொடக்கத்தில் என்ன எழுதப்பட்டது என்பதைப் பொறுத்தே அமைகிறது. எழுதத் தவறியதைப் பின்னர் சேர்க்கச் சட்டம் வழி வைத்திருக்கிறது. எனினும் அந்த வழி ஒரு குறிப்பிட்ட நாளுக்குப் பிறகு மிகவும் குறுகிவிடுகிறது.

எந்தச் சொத்து வழக்கு குடும்ப நீதிமன்றத்துக்கு உரியது?

குடும்ப நீதிமன்றங்கள் சட்டம் 1984இல் இயற்றப்பட்டது. பத்து லட்சத்துக்கு மேல் மக்கள்தொகை உள்ள நகரங்களில் இத்தகைய நீதிமன்றத்தை அமைக்க வேண்டும் என்று அச்சட்டம் கூறுகிறது. அதன் 7ஆவது பிரிவு, திருமண உறவில் உள்ள இருவருக்கு இடையே, அவர்கள் இருவரின் அல்லது ஒருவரின் சொத்து குறித்து எழும் வழக்குகளை இந்த நீதிமன்றத்தின் அதிகார வரம்புக்குள் கொண்டுவருகிறது. மணவிலக்கு ஆகிவிட்டதாலேயே இந்த அதிகாரம் போய்விடாது என்று கேரளத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003இல் தெளிவுபடுத்தியது.

இங்கு ஒரு குழப்பம் அடிக்கடி நேர்கிறது. அண்ணன் தம்பிகளுக்கும் சகோதரிகளுக்கும் இடையிலான பாகப்பிரிவினை வழக்கு, பெயரளவில் குடும்பச் சொத்து வழக்காக இருந்தாலும், குடும்ப நீதிமன்றத்துக்கு உரியதன்று. அது வழக்கமான உரிமையியல் நீதிமன்றத்தில்தான் நடக்கும். இருப்பினும் வழக்குரைத் திருத்தம் தொடர்பான விதி இரண்டு இடங்களுக்கும் ஒன்றே. குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 10ஆவது பிரிவு, ஜீவனாம்சம் தொடர்பான குற்றவியல் நடைமுறை மனுக்கள் நீங்கலாக மற்ற வழக்குகளுக்கு 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தையே பொருத்துகிறது. எனவே பாகப்பிரிவினை வழக்குகளில் உச்ச நீதிமன்றம் வகுத்த கோட்பாடுகள் கணவன் மனைவி வழக்குகளிலும் எடுத்தாளப்படுகின்றன.

அதே 10ஆவது பிரிவு, சமரசம் காணவும் உண்மையை அறியவும் குடும்ப நீதிமன்றம் தனக்கென ஒரு நடைமுறையை வகுத்துக்கொள்ளலாம் என்றும் கூறுகிறது. சாட்சியச் சட்டத்தின் கெடுபிடிகளை 14ஆவது பிரிவு தளர்த்துகிறது. இந்தத் தளர்வுகளைப் பார்த்து, இங்கு எதையும் எப்போது வேண்டுமானாலும் சேர்த்துக்கொள்ளலாம் என்று வழக்காடுவோர் நம்புவதுண்டு. அந்த நம்பிக்கைக்கு உறுதியான அடிப்படை இல்லை. மகாராஷ்டிரத்திலிருந்து சென்ற ஒரு கணவன் மனைவி வழக்கில் 2020ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம், விசாரணை தொடங்கிய பின் அளிக்கப்பட்ட திருத்த அனுமதியை ரத்து செய்தது. உரிய விழிப்புடன் இருந்தும் முன்னரே இதைச் சொல்ல இயலவில்லை என்று கீழ் நீதிமன்றங்கள் முடிவுக்கு வந்ததாகப் பதிவே இல்லை என்பதுதான் அதற்குக் காரணம்.

விதி என்ன சொல்கிறது?

வழக்குத் தொடுப்பவர் தாக்கல் செய்வது வழக்குரை. எதிர்த்தரப்பு தாக்கல் செய்வது எதிர்வழக்குரை. இவ்விரண்டையும் திருத்த அனுமதிப்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 6ஆவது கட்டளை, 17ஆவது விதி. தரப்பினருக்கு இடையிலான உண்மையான பிரச்சினையைத் தீர்மானிக்கத் தேவைப்படும் திருத்தங்களை, வழக்கின் எந்தக் கட்டத்திலும், நியாயமான நிபந்தனைகளுடன் நீதிமன்றம் அனுமதிக்கலாம் என்பது அதன் முதல் பகுதி.

இந்தத் தாராளத்துக்கு நீண்ட வரலாறு உண்டு. பம்பாய் உயர் நீதிமன்ற நீதிபதி பேச்சலர் 1909இல் இரண்டு அளவுகோல்களை முன்வைத்தார். திருத்தத்தால் மறுதரப்புக்கு அநீதி நேரக்கூடாது. உண்மையான பிரச்சினையைத் தீர்மானிக்க அது தேவைப்பட வேண்டும். இவ்விரண்டும் நிறைவேறினால் திருத்தத்தை அனுமதிக்க வேண்டும் என்றார் அவர். உச்ச நீதிமன்றம் 1957இல் இதை ஏற்றுக்கொண்டது. காலதாமதத்தை ஈடுகட்டச் செலவுத்தொகை விதித்துவிட்டு அனுமதிப்பது என்பது ஏறக்குறைய வழக்கமாகவே ஆகிவிட்டது.

அந்த வழக்கத்தின் விளைவாக வழக்குகள் ஆண்டுக்கணக்கில் நீண்டன. 1999ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் இந்த விதியையே நீக்க முற்பட்டது. வழக்கறிஞர்கள் கடுமையாக எதிர்த்தனர். நீக்கம் நடைமுறைக்கு வருமுன் 2002ஆம் ஆண்டுச் சட்டம் விதியை மீட்டு, கூடவே ஒரு வரம்புரையையும் இணைத்தது. 2002 ஜூலை 1 முதல் அமலில் உள்ள அந்த வரம்புரையின்படி, விசாரணை தொடங்கிய பிறகு திருத்த மனுவை அனுமதிக்கக் கூடாது. உரிய விழிப்புடன் செயல்பட்டும் அந்த விஷயத்தை விசாரணைக்கு முன் எழுப்ப இயலவில்லை என்று நீதிமன்றம் முடிவுக்கு வந்தால் மட்டுமே விலக்கு. இந்தச் சட்டத் திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றது தமிழ்நாட்டின் சேலம் வழக்கறிஞர் சங்கம். 2005 ஆகஸ்ட்டில் அளித்த தீர்ப்பில், விசாரணையை இழுத்தடிக்கும் மனுக்களைத் தடுப்பதே வரம்புரையின் நோக்கம் என்று கூறி அதைச் செல்லத்தக்கதாக நீதிமன்றம் அறிவித்தது.

விசாரணை எப்போது தொடங்குகிறது?

மக்கள் பேச்சில், முதல் முறை நீதிமன்றப் படியேறும் நாளே விசாரணை தொடங்கும் நாள். சட்டத்தில் அப்படியில்லை. வழக்குரையும் எதிர்வழக்குரையும் வந்த பின், எவையெவை தீர்மானிக்கப்பட வேண்டியவை என்பதை நீதிபதி எழுவினாக்களாக வகுக்கிறார். அதன் பின் சாட்சி தன் முதல் விசாரணைக்குப் பதிலாக ஆணையுறுதிப் பத்திரம் தாக்கல் செய்கிறார். கர்நாடகத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், இந்த ஆணையுறுதிப் பத்திரம் தாக்கலாவதையே விசாரணைத் தொடக்கமாகக் கொண்டது. வரம்புரை கட்டாயத்தன்மை உடையது என்றும், அதன் நிபந்தனை நிறைவேறாவிட்டால் அனுமதி வழங்க நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை என்றும் அத்தீர்ப்பு கூறியது. வேறு சில தீர்ப்புகள் விசாரணைத் தொடக்கத்தை இன்னும் தாராளமாகப் பொருள்கொண்டுள்ளன. டெல்லியைச் சேர்ந்த ஒரு குடும்பப் பாகப்பிரிவினை வழக்கில் 2017 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், வாதி தரப்புச் சாட்சியம் உண்மையில் தொடங்கியிராத நிலையில் வந்த திருத்தத்தை அனுமதித்தது.

எனவே கேள்வி நாட்களின் எண்ணிக்கை பற்றியது மட்டுமன்று. வழக்கு தொடங்கிப் பத்து ஆண்டு கழிந்தும் விசாரணை தொடங்காமல் இருந்தால் கதவு திறந்தே இருக்கிறது. ஆறே மாதத்தில் ஆணையுறுதிப் பத்திரம் தாக்கலாகிவிட்டால் கதவு பெரும்பாலும் மூடிவிட்டது. இதற்குத் தக்க எடுத்துக்காட்டு தமிழ்நாட்டிலேயே உண்டு. 1988இல் நிரந்தரத் தடையாணை மட்டும் கோரி வழக்குத் தொடுத்த ஒருவர், வழக்கு நிலுவையில் இருந்தபோது தம்மை நிலத்திலிருந்து வெளியேற்றிவிட்டதாகக் கூறி, 1999இல் உரிமை விளம்புகையும் சுவாதீனமும் கேட்டுத் திருத்த மனு அளித்தார். இடையில் பதினொரு ஆண்டு. விசாரணை தொடங்கவில்லை என்பதைக் கருதி 2002இல் உச்ச நீதிமன்றம் அதை அனுமதித்தது. அதே தீர்ப்பு இன்னொன்றையும் சொன்னது: அனுமதிக்கப்பட்ட திருத்தம் பொதுவாக வழக்கு தாக்கலான நாளிலிருந்தே இருந்ததாகக் கொள்ளப்படும், ஆனால் தக்க வழக்குகளில், திருத்த மனு தாக்கலான நாளிலிருந்துதான் அது கணக்கிடப்படும் என்று நீதிமன்றம் நிபந்தனை விதிக்கலாம்.

ஆலோசனைக் கட்டத்தின் மௌனம்

குடும்ப நீதிமன்றத்துக்கே உரிய சிக்கல் ஒன்று இங்கு எழுகிறது. சட்டத்தின் 9ஆவது பிரிவு, முதலில் சமரச முயற்சி மேற்கொள்ளும் கடமையை நீதிமன்றத்தின்மேல் சுமத்துகிறது. அதற்கெனத் திருமண ஆலோசகர்கள் இருக்கின்றனர். சேர்ந்து வாழ வாய்ப்பிருக்கும்போது வீட்டைப் பற்றியும் நகையைப் பற்றியும் எழுத்தில் கேட்டால் உறவு முற்றாக முறிந்துவிடும் என்ற அச்சம் இயல்பானது. குறிப்பாகப் பெண்களின் பெற்றோர், நகைப் பட்டியலை முதல் மனுவில் சேர்க்க வேண்டாம் என்று சொல்வதுண்டு. ஆலோசகர் முன் எவ்வளவு விரிவாகப் பேசினாலும் அது வழக்குரை ஆகாது. சமரசம் தோற்று, எழுவினாக்கள் வகுக்கப்பட்டு, விவாகரத்துக்கான ஆணையுறுதிப் பத்திரமும் தாக்கலான பின் சொத்துக் கோரிக்கையைச் சேர்க்க முயலும்போது, நல்லெண்ணத்தால் காத்த அந்த மௌனமே விழிப்பின்மை என்று மறுதரப்பால் வாதிடப்படுகிறது. நகை முதல் நாளிலிருந்தே தெரிந்த பொருள். அதை முன்னர் சொல்ல இயலவில்லை என்று நிறுவுவது எளிதன்று.

இதில் பணயம் வைக்கப்படுவது சிறிய தொகையன்று. கேரள மாநிலம் ஆலப்புழை குடும்ப நீதிமன்றத்தில் தொடங்கிய ஒரு வழக்கில், மணமகள் வீட்டார் கொடுத்த 89 சவரன் நகையைப் பற்றிய வழக்காடல் 2024 ஏப்ரல் வரை நீடித்தது. சீதனம் பெண்ணின் முழு உரிமைச் சொத்து என்று மீண்டும் உறுதிப்படுத்திய உச்ச நீதிமன்றம், 25 லட்சம் ரூபாய் வழங்க உத்தரவிட்டது. இவ்வாறான வழக்கில் எத்தனை சவரன், யார் கொடுத்தது, யாரிடம் ஒப்படைக்கப்பட்டது என்பவை தொடக்கத்திலேயே எழுத்தில் இருப்பதுதான் பின்னர் சாட்சியத்துக்கு ஆதாரம். சொல்லப்படாததற்குச் சாட்சியம் இருந்தும் பயனில்லை என்பது வழக்குரைச் சட்டத்தின் பழைய விதி.

இந்து திருமணச் சட்டத்தின் 27ஆவது பிரிவின்கீழ், திருமணத்தையொட்டி அளிக்கப்பட்டு இருவருக்கும் கூட்டாக உரிய சொத்து குறித்து விவாகரத்துத் தீர்ப்பாணையிலேயே ஏற்பாடு செய்யலாம். திருமணத்துக்கு முன்னோ பின்னோ கொடுத்ததும், திருமணத்தோடு தொடர்புடையதாயின், இதில் அடங்கும் என்று மகாராஷ்டிரத்திலிருந்து சென்ற வழக்கில் 1997இல் உச்ச நீதிமன்றம் விளக்கியுள்ளது. ஆகவே முதல் மனுவில் இப்பிரிவின்கீழ் ஒரு கோரிக்கையைச் சேர்ப்பது தனி வழக்கொன்றின் சுமையைக் குறைக்கும். செலவைப் பற்றிய தயக்கத்துக்கும் மகாராஷ்டிரத்தில் இடம் குறைவு. ஜீவனாம்சம், சொத்துத் தகராறு, வன்முறை, விவாகரத்து தொடர்பான வழக்குகளில் பெண்களுக்கு நீதிமன்றக் கட்டணத்தைத் தள்ளுபடி செய்து மாநில அரசு 1994இல் அறிவிக்கை வெளியிட்டுள்ளது.

விசாரணைக்கு முன்னும் எழும் தடைகள்

விசாரணை தொடங்கவில்லை என்பதாலேயே எந்தத் திருத்தமும் கிடைத்துவிடும் என்று பொருளில்லை. முதல் தடை, கொடுத்துவிட்ட ஒப்புதல். எதிர்வழக்குரையில் ஓர் உண்மையை ஒப்புக்கொண்டு, அதன் பலனை வாதி பெற்றுவிட்ட நிலையில், அதை அடியோடு மாற்றி எழுத முடியாது என்று மோடி நூற்பாலை வழக்கில் 1976இல் உச்ச நீதிமன்றம் கூறியது. சில சொத்துகள் கூட்டுக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்று ஒப்புக்கொண்ட பின் அதைத் திரும்பப் பெற முயன்ற பாகப்பிரிவினை வழக்கில் 1997இல் இதே நிலை எடுக்கப்பட்டது. ஆனால் ஒப்புதலை அப்படியே வைத்துக்கொண்டு அதற்கொரு நிபந்தனையைச் சேர்ப்பது வேறு. மகாராஷ்டிரத்தின் ஒரு பாகப்பிரிவினை வழக்கில், மறுதரப்பினர் சட்டப்படியான வாரிசுகள் என்று நிரூபித்தால்தான் பங்கு என்று எதிர்வழக்குரையைத் திருத்த 2007இல் உச்ச நீதிமன்றம் அனுமதி அளித்தது. பொதுவாக வழக்குரையைவிட எதிர்வழக்குரைக்கு நீதிமன்றங்கள் சற்றுக் கூடுதல் தளர்வு காட்டுகின்றன. ஒன்றுக்கொன்று முரணான எதிர்வாதங்களைக்கூட அதில் எழுப்பலாம்.

இந்தத் தடையின் கூர்மை புனேயின் அடுக்குமாடி வீட்டு வழக்குகளில் நன்கு தெரியும். வீடு இருவர் பெயரிலும் பதிவாகியிருக்கிறது. ‘நாங்கள் இருவரும் சேர்ந்து வாங்கினோம்’ என்று விவாகரத்து மனுவில் கணவர் பேச்சுவாக்கில் எழுதிவிடுகிறார். பின்னர், முழுப் பணமும் தம்முடையதே, மனைவியின் பெயர் வங்கிக் கடனுக்காகச் சேர்க்கப்பட்டது என்று திருத்த விரும்புகிறார். அந்த ஒரு வாக்கியம் அவருக்கு எதிராக நிற்கும். வீடு மனைவியின் பெயரில் மட்டும் இருந்தால் பினாமிச் சட்டமும் குறுக்கே வருகிறது. 2016இல் திருத்தப்பட்ட அச்சட்டம், தமக்குத் தெரிந்த வருவாய் வழிகளிலிருந்து பணம் செலுத்தி வாழ்க்கைத்துணையின் பெயரில் வாங்கியதைப் பினாமி என்ற வரையறையிலிருந்து விலக்குகிறது. அந்த விலக்கைக் கோருபவர், எந்தக் கணக்கிலிருந்து எவ்வளவு சென்றது என்பதை வழக்குரையிலேயே சொல்லியிருக்க வேண்டும்.

இரண்டாவது தடை காலவரம்பு. உரிமை விளம்புகைக்கும் ஆவணத்தை ரத்து செய்யவும் மூன்று ஆண்டு. உரிமையின் அடிப்படையில் அசையாச் சொத்தின் சுவாதீனம் கேட்கப் பன்னிரண்டு ஆண்டு. திருத்த மனு அளிக்கும் நாளில் புதிய வழக்காகத் தொடுத்தால் காலங்கடந்ததாகும் கோரிக்கையை, திருத்தம் என்ற பெயரில் உள்ளே கொண்டுவருவதை நீதிமன்றம் பொதுவாக மறுக்கும். 1957ஆம் ஆண்டு லீச் நிறுவன வழக்கு முதல் நிலைத்துவரும் கோட்பாடு இது. நீதியின் நலன் வேண்டினால் விலக்களிக்கும் அதிகாரமும் அதிலேயே உண்டு. கணவர் வீட்டை மூன்றாம் நபருக்கு விற்றுவிட்டதை அறிந்தும், தடையாணைக் கோரிக்கையோடு மட்டும் நான்கு ஆண்டு காத்திருக்கும் மனைவி எதிர்கொள்வது இந்த ஆபத்தைத்தான்.

மூன்றாவதாக, வழக்கின் இயல்பையே மாற்றும் திருத்தம். கூட்டு உரிமை என்று தொடங்கி, தானமாகக் கிடைத்தது என்று முடிப்பது போன்றவை. இதற்கு மாறாக, ஏற்கெனவே சொன்ன உண்மைகளிலிருந்து எழும் கூடுதல் கோரிக்கை எளிதில் ஏற்கப்படுகிறது. ஆயுள் காப்பீட்டுக் கழகம் தொடர்பான வழக்கில் 2022 செப்டம்பர் 1 அன்று தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், மறுதரப்புக்கு அநீதி நேராத வரையில் விரிந்த பார்வையே வேண்டும் என்றும், ஒரே காரணத்தில் எழும் கோரிக்கைகளைப் பிரித்து வழக்கிடக் கூடாது என்ற 2ஆவது கட்டளையின் தடை திருத்த மனுவுக்குப் பொருந்தாது என்றும் கூறியது.

எதிர்க்கோரிக்கைக்குத் தனி எல்லை உள்ளது. எதிர்வழக்குரைக்குப் பின் அதைத் தாக்கல் செய்ய முடியும். ஆனால் எழுவினாக்கள் வகுக்கப்படும் நாளே கடைசி எல்லை என்று மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு 2019 நவம்பரில் வரையறுத்தது.

எளிதில் கிடைக்கும் திருத்தங்கள்

சொத்து விவரப் பிழைகள் இவற்றில் முதன்மையானவை. தமிழ்நாட்டில் பட்டா, சிட்டா என்று பழகியவர்களுக்கு மகாராஷ்டிரத்தின் ‘சாத் பாரா’ எனப்படும் 7/12 பதிவேடும், கட் எண்ணும், நகர அளவை எண்ணும், பதிவுத் துறையின் ‘இன்டெக்ஸ் 2’ நகலும் புதியவை. வேலைக்காகப் புனேயில் குடியேறிய குடும்பங்களின் வழக்குகளில் எண் மாறிவிடுவதில் வியப்பில்லை. அசையாச் சொத்தை அடையாளம் காணும் விவரம் வழக்குரையில் இருக்க வேண்டும் என்பது 7ஆவது கட்டளையின் தேவை. தவறான எண்ணோடு தீர்ப்பாணை பெற்றால் நிறைவேற்றுவதில் முட்டுக்கட்டை விழும். சொத்து எது என்பதில் ஐயமில்லாத வரை இத்தகைய பிழைத் திருத்தத்தை நீதிமன்றங்கள் பொதுவாக மறுப்பதில்லை.

வழக்கு நடக்கும்போதே நிகழ்ந்தவையும் அவ்வாறே. விசாரணை தொடங்கிய பின் வீடு விற்கப்பட்டால், அதை முன்பே எழுப்பியிருக்க யாராலும் இயலாது. மறைக்கப்பட்டிருந்த முதலீடு வங்கிக் கணக்கு வழியாகப் பின்னர் வெளிவந்தாலும் நிலை ஏறக்குறைய அதுவே. ஆனால் எப்போது, எந்த ஆவணத்தால் தெரியவந்தது என்பதைத் திருத்த மனுவின் ஆணையுறுதிப் பத்திரம் தேதியுடன் கூற வேண்டும். ‘வழக்கறிஞர் கவனக்குறைவால் விடுபட்டது’ என்ற ஒற்றை வரி, விசாரணைக்குப் பிந்தைய மனுக்களில் பெரும்பாலும் எடுபடுவதில்லை. சேர்க்க விரும்பும் வாதம் வெல்லுமா தோற்குமா என்பதை நீதிமன்றம் இந்தக் கட்டத்தில் ஆராயாது.

அனுமதி கிடைத்த பிறகும், மறுக்கப்பட்ட பிறகும்

உத்தரவு கிடைத்துவிட்டதே என்று இருந்துவிடுவதும் இழப்பில் முடியலாம். 6ஆவது கட்டளையின் 18ஆவது விதிப்படி, உத்தரவில் குறிப்பிட்ட காலத்துக்குள், காலம் குறிப்பிடாவிட்டால் 14 நாட்களுக்குள், திருத்தத்தை வழக்குரையில் செய்து முடிக்க வேண்டும். தவறினால், நீதிமன்றம் காலத்தை நீட்டித்தாலன்றி, அனுமதி பயனற்றுப்போகும். திருத்தப்பட்ட வழக்குரைக்கு மறுதரப்பு கூடுதல் எதிர்வழக்குரை தாக்கல் செய்ய வாய்ப்பளிக்கப்படும்.

மனு மறுக்கப்பட்டால் குடும்ப நீதிமன்றங்கள் சட்டத்தின் 19ஆவது பிரிவின்கீழ் மேல்முறையீடு இல்லை. இடைக்கால உத்தரவுகளை அப்பிரிவு விலக்கியுள்ளது. அரசியலமைப்பின் 227ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடுவதே உடனடி வழி. 2025 ஆகஸ்ட் 18 முதல் செயல்படும் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் கோலாப்பூர் சுற்று அமர்வின் எல்லைக்குள் சாங்லி, சாதாரா, சோலாப்பூர் உள்ளிட்ட மாவட்டங்கள் உள்ளன. புனே அதில் சேர்க்கப்படவில்லை. எனவே புனே வழக்காடிகள் மும்பைக்கே செல்ல வேண்டும். அப்போது நாடாவிட்டாலும், இறுதித் தீர்ப்புக்கு எதிரான மேல்முறையீட்டில் இந்த மறுப்பையும் ஒரு காரணமாக எழுப்ப உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 105ஆவது பிரிவு இடமளிக்கிறது.

இன்னொரு வழி, 23ஆவது கட்டளையின்கீழ் புதிய வழக்குத் தொடுக்கும் உரிமையுடன் நடப்பு வழக்கைத் திரும்பப் பெறுவது. வழக்கில் முறைசார்ந்த குறைபாடோ வேறு போதிய காரணமோ இருப்பதாக நீதிமன்றம் ஏற்றால் அனுமதி தரும். ஆனால் முதல் வழக்கு தொடுக்கப்படவே இல்லை என்பதுபோலப் புதிய வழக்கின் காலவரம்பு கணக்கிடப்படும். மூன்று ஆண்டு எல்லைக்கு உட்பட்ட கோரிக்கையைக் கையில் வைத்திருப்பவர், அந்த மனுவில் கையெழுத்திடும் முன் நாட்காட்டியைப் பார்த்துக்கொள்வது நல்லது.